சதுர மீட்டருக்கு எத்தனை கூலும்?

வோல்ட், ஆம்பியர், வாட் எல்லாம் வீட்டுக்குள் வந்துவிட்ட அலகுகள். பல்பு வாங்கப் போகும் பாட்டிகூட "ஒம்பது வாட்டு குடுப்பா" என்கிறாள். ஆனால் பாடப் புத்தகத்தை விட்டு வெளியே வராத ஓர் அலகு உண்டு. 'கூலும் பெர் சதுர மீட்டர்'. மின்பாய அடர்த்தியின் அலகு அது. 1978-ல் ப்ளஸ் டூ வந்த வருடத்திலிருந்து ஓய்வு பெறும் வரை முப்பத்து மூன்று வருடம் இயற்பியல் நடத்தியவன் என்ற முறையில் சொல்கிறேன், பிள்ளைகள் இதை மனப்பாடம் செய்து எழுதிவிட்டு அன்றைக்கே மறந்துவிடுவார்கள்.

வயதான காலத்தில் பாடம் நடத்த வந்துவிட்டான் என்று ஓடிவிடாதீர்கள். புஞ்சைக் காட்டில் பிறந்து வளர்ந்த உங்களுக்குக் கல்லூரிப் பிள்ளைகளைவிட வேகமாக இது புரியும். மழையிலிருந்து தொடங்குகிறேன்.

பேப்பரில் 'அருப்புக்கோட்டை 25 மி.மீ.' என்று போடுகிறார்கள். மில்லிமீட்டர் என்பது நீளம். மழைக்கு ஏது நீளம்? அதற்குள் ஒரு பரப்பு ஒளிந்திருக்கிறது. ஒரு சதுர மீட்டர் தரையில் ஒரு லிட்டர் தண்ணீரைச் சமமாகப் பரப்பினால் சரியாக ஒரு மில்லிமீட்டர் உயரம் நிற்கும். ஆகவே 25 மி.மீ. என்றால் சதுர மீட்டருக்கு 25 லிட்டர். ஏக்கருக்குப் பார்த்தால் ஒரு லட்சம் லிட்டர். மழைமானியின் வாய் சிறியதோ பெரியதோ, விழுந்த தண்ணீரை வாயின் பரப்பால் வகுத்தால் ஒரே விடைதான் வரும்.

நம் பெரியவர்கள் மழைமானி வைத்துக்கொள்ளவில்லை. "ஒரு உழவு மழை", "ரெண்டு உழவு மழை" என்றார்கள். இது வானத்திலிருந்து எவ்வளவு விழுந்தது என்ற கணக்கு இல்லை. விழுந்தது மண்ணுக்குள் போய் என்ன செய்தது என்ற கணக்கு. கலப்பை இறங்குகிற அளவுக்கு ஈரம் போயிருக்கிறதா? ஒரே நாளில், ஒரே மழையில், கரிசலில் ஈரம் ஒரு சாண்கூட இறங்காமல் நிற்கும். பக்கத்துச் செவலில் இன்னும் ஆழமாகப் போயிருக்கும். கரிசல் களி தண்ணீரைத் தன்னிடமே பிடித்து வைத்துக்கொள்கிறது. செவல் கீழே விட்டுவிடுகிறது. (கோடையில் வாய் பிளந்து கிடக்கும் கரிசல் வெடிப்புக்குள் ஓடும் தண்ணீரை இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள். அது தனிக் கதை.)

விழுந்த மழை ஒன்று, இறங்கிய ஈரம் வேறொன்று. இரண்டையும் முடிச்சுப் போடுவது மண்ணின் குணம். இது புரிந்தால் மின்பாய அடர்த்தி புரிந்த மாதிரிதான்.

ஒரு உலோகத் தகட்டில் மின்னூட்டத்தைப் பரப்புகிறோம். சதுர மீட்டருக்கு ஒரு மைக்ரோ கூலும், அதாவது ஒரு கூலுமில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு என்று வைத்துக்கொள்வோம். எதிரே இன்னொரு தகடு, அதில் அதே அளவு எதிர் மின்னூட்டம். இரண்டுக்கும் இடையே மின்பாய அடர்த்தி சதுர மீட்டருக்கு ஒரு மைக்ரோ கூலும். இதுதான் விழுந்த மழை. பாடப் புத்தகத்தில் ஆங்கில 'டி' எழுத்தால் குறிப்பார்கள். நடுவே காற்று இருந்தால் மின்புலம், அதாவது 'ஈ', மீட்டருக்கு ஏறத்தாழ 1,13,000 வோல்ட். தகட்டில் உள்ள மின்னூட்டத்தைத் தொடாமல் நடுவே மைக்காவை நிரப்பினால் மின்புலம் ஆறில் ஒரு பங்காக, 19,000 அளவுக்கு இறங்கிவிடும். சுத்தமான தண்ணீராக இருந்தால் எண்பதில் ஒரு பங்கு, 1,400 சொச்சம். மூன்று இடத்திலும் 'டி' அப்படியே சதுர மீட்டருக்கு ஒரு மைக்ரோ கூலும். மாறியது ஈரம் மட்டும். மண்ணின் குணம் என்று நான் சொன்னதற்கு இங்கே விடுதிறன் என்று பெயர்.

மைக்காவுக்குள் ஏன் குறைகிறது? அதன் மூலக்கூறுகள் மின்புலத்தில் சற்றே இழுபட்டு, தகட்டில் உள்ள மின்னூட்டத்தில் ஒரு பகுதியை மறைக்கும்படி தங்கள் எதிர்முனையைக் காட்டி நிற்கின்றன. 'ஈ' அந்த மறைப்பையும் சேர்த்துப் பார்க்கிறது. 'டி' நாம் கொண்டுபோய் வைத்த மின்னூட்டத்தை மட்டும் எண்ணுகிறது.

வகுப்பில் இந்த இடத்தில் யாராவது எழுந்து கேட்பார்கள். "சார், ரெண்டும் ஒண்ணுதானே சார். ஒரு நம்பரால பெருக்குனா இது, வகுத்தா அது. எதுக்கு சார் ரெண்டு பேரு?" நல்ல கேள்வி. மின்கலத்தைக் கழற்றிவிட்டு மைக்காவை நுழைத்தால் 'டி' மாறாது, 'ஈ' குறையும். கழற்றாமல் நுழைத்தால் 'ஈ' மாறாது, 'டி' கூடும். மின்கலம் புதிதாக மின்னூட்டத்தை அனுப்பிவைக்கிறது. எது நிற்கிறது, எது நகர்கிறது என்று சொல்ல இரண்டு பெயர் வேண்டும். மழைக்கும் ஈரத்துக்கும் ஒரே பெயர் வைத்தால் சம்சாரி விதைப்பது எப்படி?

இன்னொரு குழப்பமும் உண்டு. பாடநூலில் காஸ் விதிக்கு முன்னால் வரும் மின்பாயத்தின் அலகு 'நியூட்டன் சதுர மீட்டர் பெர் கூலும்'. அது மின்புலத்தின் பாயம். நாம் பேசுவது 'டி'யின் பாயம். அதன் அலகு வெறும் கூலும். ஒரு கூலும் மின்னூட்டத்திலிருந்து ஒரு கூலும் பாயம் கிளம்புகிறது, அதைப் பரப்பால் வகுத்தால் அடர்த்தி. இரண்டையும் ஒரே பெயரில் அழைப்பதால் பொறியியல் படிக்கப் போகும் பிள்ளைகள் முதல் வருடமே திணறுகிறார்கள்.

எங்கள் காலத்தில் திணறல் வேறு மாதிரி. 1970-ல் நான் மதுரையில் பி.எஸ்சி. சேர்ந்தபோது பாதிப் புத்தகம் சென்டிமீட்டர்-கிராம் முறையில், பாதி மீட்டர்-கிலோகிராம் முறையில் இருந்தது. பழைய முறையில் வெற்றிடத்தில் 'டி'யும் 'ஈ'யும் ஒரே எண், ஒரே அலகு. ஒரு அலகு மின்னூட்டத்திலிருந்து '4 பை' கோடுகள் கிளம்பும். ஏன் இரண்டு பெயர் என்று அங்கே கேட்டால் பதில் சொல்வது கஷ்டம்தான். இந்த '4 பை'யைக் கண்ட கண்ட இடத்திலிருந்து அகற்ற வேண்டும் என்று ஆலிவர் ஹெவிசைடு என்ற இங்கிலாந்துக்காரர் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே சண்டை போட்டார். ஜியோர்ஜி என்ற இத்தாலியர் 1901-ல் மீட்டர், கிலோகிராம், நொடியோடு ஒரு மின் அலகையும் சேர்த்துக்கொள்ளும் வழியைச் சொன்னார். 1960-ல்தான் அது உலகத்துக்கே பொதுவான எஸ்.ஐ. முறை ஆனது. 1957 ஏப்ரலில் அணா போய் நயா பைசா வந்தபோது கடைத்தெருவில் நடந்த கூத்தை நினைவு வைத்திருக்கிறீர்களா? எங்கள் வகுப்பறையும் அப்படித்தான் இருந்தது.

அலகு என்பது விடைக்குப் பின்னால் ஒட்டும் வால் என்று நினைக்கிறோம். எனக்கு அது எப்படி அளக்க வேண்டும் என்ற செய்முறைக் குறிப்பு. 'கூலும் பெர் சதுர மீட்டர்' என்றால் ஒரு தகட்டை வை, அதில் சேரும் மின்னூட்டத்தை எண்ணு, தகட்டின் பரப்பால் வகு. மழைமானியேதான். மைக்கேல் ஃபாரடே 1843-ல் ஐஸ் வாளியை வைத்துச் செய்த சோதனையும் இந்த வழிதான். மின்னூட்டம் பெற்ற உருண்டையை உலோக வாளிக்குள் தொங்கவிட்டார். வாளிக்கு வெளியே அதே அளவு மின்னூட்டம் தோன்றியது. நடுவே காற்று இருந்தாலும் கந்தகம் இருந்தாலும் அரக்கு இருந்தாலும் அந்த அளவு மாறவில்லை. பிறகு மாக்ஸ்வெல் இதற்குக் கணக்கு எழுதி, மின் இடப்பெயர்ச்சி என்று பெயர் வைத்தார்.

அலகைத் தெரிந்தவனுக்கு இன்னொரு லாபம் உண்டு. ஒரு கூலும் என்பது பூதம் மாதிரி பெரிது. காற்று மீட்டருக்கு சுமார் 30 லட்சம் வோல்ட்டுக்கு மேல் தாங்காது, பொறி பறந்துவிடும். 'டி'யில் சொன்னால் சதுர மீட்டருக்கு 27 மைக்ரோ கூலும்கூட இல்லை. அதுதான் காற்றின் உச்சவரம்பு. திருச்சுழிப் பக்கமிருந்து சைக்கிளில் வரும் ஒரு பையன், கணக்கில் புலி, ஒருநாள் காற்றில் இருக்கும் தகட்டுக்கு விடை 5 கூலும் பெர் சதுர மீட்டர் என்று எழுதியிருந்தான். "இந்த மழைக்கு மடை தாங்குமாடா?" என்றேன். ஒரு நிமிடம் முழித்தான். பிறகு அவனே தசமப் புள்ளியைத் தேடிப் போனான். இப்போது மின்வாரியத்தில் இருக்கிறான்.

இனி நம் நிலத்துக்கு வருவோம். மேகமே இல்லாத நாளில் காட்டில் நிற்கிறீர்கள். தரைக்கு மேல் ஒவ்வொரு மீட்டர் உயரத்துக்கும் ஏறத்தாழ 100 வோல்ட் மின்னழுத்தம் கூடிக்கொண்டு போகிறது. காற்றில் ஓடும் மின்சாரம் மிகமிகக் குறைவு, அதனால் நமக்கு ஒன்றும் ஆவதில்லை. பூமியின் மேல்பரப்பில் எதிர் மின்னூட்டம் விரவிக் கிடப்பதால் வருவது இது. 'டி'யாகப் பார்த்தால் சதுர மீட்டருக்கு 0.9 நானோ கூலும். ஒரு ஏக்கர் புஞ்சையில் கிடப்பது மூன்றரை மைக்ரோ கூலும்தான். பூமி முழுக்கக் கூட்டினால் நாலரை லட்சம் கூலும் வரும். பட்டா யார் பேரில் இருந்தாலும் ஏக்கருக்கு இதே பங்குதான்.

இதைத் தகடு வைத்தே அளந்தவர் சி.டி.ஆர். வில்சன். தரை மட்டத்தில் ஒரு தகடு, மேலே ஒரு மூடி. மூடியைத் திறந்தால் வானத்தைப் பார்க்கும் தகட்டில் மின்னூட்டம் சேரும். மூடினால் திரும்பிவிடும். எவ்வளவு என்று எண்ணிப் பரப்பால் வகுத்தார். பிற்காலத்தில் 1927-ல் முகில் அறைக்காக நோபல் பரிசு வாங்கியவர் அவர்தான்.

'கார்னெகி' என்ற ஆராய்ச்சிக் கப்பல் 1929 வரை கடல் கடலாகப் போய் இந்த மின்புலத்தை அளந்தது. எந்தக் கடலில் அளந்தாலும் ஒரே நேரத்தில் ஏறி ஒரே நேரத்தில் இறங்கியது. கிரீன்விச் நேரம் மாலை ஏழு மணிவாக்கில் உச்சம். நமக்கு அது நள்ளிரவு பன்னிரண்டரை. உலகம் முழுக்கப் பெய்யும் இடிமழைகள்தான் பூமிக்கு மின்னூட்டம் ஏற்றுகின்றன என்று அதிலிருந்து தெரிந்தது. ஆப்பிரிக்காவிலும் தென் அமெரிக்காவிலும் இடிக்கிற இடியின் கணக்கு, நாம் தூங்கும் நேரத்தில் திருச்சுழிக் காட்டு மண்ணில் எழுதப்படுகிறது. நமக்குத் தெற்கே திருநெல்வேலி பக்கம் கிருஷ்ணாபுரத்தில் இந்திய புவிகாந்தவியல் நிறுவனத்தின் ஆய்வுக்கூடம் இருக்கிறது. அங்கே தகடும் நீளக் கம்பியும் வைத்து, காற்றிலிருந்து தரைக்கு இறங்கும் மின்னோட்டத்தை அளந்திருக்கிறார்கள். சதுர மீட்டருக்கு ஓரிரு பிகோ ஆம்பியர்தான். அதையும் பிடித்துவிடுகிறார்கள்.

இவ்வளவும் வெயில் நாள் கணக்கு. ஐப்பசியில் கணக்கு வேறு. இடிமேகத்தின் அடிவயிற்றில் பெரும்பாலும் எதிர் மின்னூட்டம். அது தலைக்கு மேல் வந்தால் தரையில் நேர் மின்னூட்டம் கூடும். மின்புலம் திசை மாறி மீட்டருக்குப் பத்தாயிரம் வோல்ட் வரை போகும். ஏக்கருக்கு மூன்றரையாக இருந்தது முந்நூற்றைம்பது மைக்ரோ கூலும் ஆகிவிடும். அதுவும் சமமாகப் பரவி நிற்காது. சமதளக் காட்டில் ஒற்றைப் பனை நின்றால், சுற்றுவட்டாரத்துப் பாயம் எல்லாம் அதன் கொண்டையில் போய்க் கூடும். அடர்த்தி என்ற சொல்லின் முழு அர்த்தமும் அங்கேதான் இருக்கிறது. கூலும் கொஞ்சம்தான், ஆனால் வகுக்கிற பரப்பு ஓலை நுனி. இறங்கி வரும் மின்னல், கடைசிச் சில பத்து மீட்டரில் எங்கே போவது என்று தேடும்போது, கீழேயிருந்து எழும்பி நிற்பது அந்த நுனிதான்.

1972 ஐப்பசியில் எங்கள் பெரியப்பா மகன் அப்படிப்பட்ட ஒரு பனைக்கடியில் ஒதுங்கினார். ஆடு மேய்க்கப் போனவர். வயது இருபத்தாறு, கல்யாணமாகி ஏழு மாதம். அவரோடு பதினோரு ஆடுகள். நான் விடுதியிலிருந்து வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது.

சாவைவிடக் கொடுமை அதற்குப் பிறகு நடந்தது. அய்யனார் கோவில் கொடைக்கு வரி கொடுக்கவில்லை, அதனால்தான் என்றார்கள் சிலர். வந்தவள் ராசி என்றார்கள் மற்றவர்கள். மதினி அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. பதினாறாம் நாள் முடிந்து நான் கிளம்பும்போது பெரியம்மா திண்ணையில் உட்காரச் சொன்னார்.

"ஏய்யா, நீ கரெண்டுப் படிப்புத்தான படிக்கே. அம்புட்டுப் பெரிய காட்டுல எம்புள்ள தலைதானா கெடைச்சுது அதுக்கு?"

அந்த வாரம்தான் கூரான முனையில் மின்னூட்ட அடர்த்தி கூடும் என்று படித்திருந்தேன். அவருக்கு என்னவென்று சொல்வது? முற்றத்து மண்ணைக் காட்டினேன். "மழை எல்லா எடத்துலயும் ஒண்ணுபோலத்தான் பெய்யுது பெரியம்மா. ஆனா பள்ளத்துல போயித்தான தண்ணி கூடுது. இது தலைகீழ். காடு பூராம் இருக்கிற கரெண்டு மேட்டுல போயிக் கூடும். அந்தக் காட்டுல மேடு அந்தப் பனைதான். அதுல விழுந்தது பக்கத்துல நின்ன அண்ணன் மேல பாஞ்சிருக்கு. ஆடு பனையத் தொடவே இல்ல, தரை வழியாப் போயிருக்கு."

வெகுநேரம் பேசவில்லை. பிறகு கேட்டார். "அப்பம் அந்த நேரம் அந்த எடத்துல ஆரு நின்னாலும்?"

"ஆரு நின்னாலும் பெரியம்மா. நான் நின்னாலும்."

"வரி குடுத்தவன் நின்னாலும்?"

"நின்னாலும்."

எழுந்து அடுப்படிக்குப் போனார். உள்ளே மதினியிடம் என்ன சொன்னாரோ தெரியாது. அடுத்த மாதம் நான் வந்தபோது மதினி களை எடுக்கப் போயிருந்தார். இரண்டு வருடம் கழித்து, பெரியம்மாவே முன்னின்று கமுதிப் பக்கம் அவருக்கு மறுமணம் செய்துவைத்தார். அந்தக் காலத்தில் அது சாதாரணக் காரியமில்லை. ஊர் பேசாமலா இருந்தது? பெரியம்மா காதில் போட்டுக்கொள்ளவில்லை.

மேய்ச்சலுக்குப் போகும் பிள்ளைகளை மட்டும் வழிமறித்துச் சொல்வார். "இடி இடிச்சா ஒத்தப் பனைக்குப் போயிராதீகடா. காட்டுல உள்ளது பூராம் அது தலையில ஏறுது. ஓடக்கூடுன எடமிருந்தா மச்சு வீட்டுக்கு ஓடுங்க. இல்லன்னா தாழ்ந்த எடமாப் பாத்துக் காலைச் சேத்து வச்சிக் குத்தவச்சிக் குனிஞ்சிருங்க. படுத்துறாதீக." காலைச் சேர்த்து வைப்பதும் படுக்காமல் இருப்பதும் நான் சொல்லிக் கொடுத்தது. மின்னல் தரையில் பரவும்போது உடம்பு தொடும் இடங்கள் எவ்வளவு விலகி இருக்கின்றனவோ, அவ்வளவு மின்னழுத்த வித்தியாசம் உடம்புக்குள் ஏறும். நாலு காலையும் அகட்டி நிற்கும் ஆடுமாடுகள் மனிதரைவிட அதிகம் சாவது இதனால்தான்.

அந்தப் பனை கொண்டை கருகி மூன்று வருடம் மொட்டையாக நின்றது. பிறகு வெட்டி, பாதியை விட்டத்துக்குக் கொண்டுபோனார்கள். மீதியை வாய்க்காலுக்குக் குறுக்கே போட்டிருந்தார்கள். அதன் மேல் நடந்துதான் பெரியம்மா காட்டுக்குப் போய்வந்தார்.